மணி ஒலிக்காத ஊர்: ஒரு கற்பனை உலகின் விதியைச் சோதித்த கதை

பின்னணி

பெங்களூரு அல்சூரில், ஏரியிலிருந்து நடந்துபோகிற தூரத்தில் உள்ள ஒரு குடியிருப்பின் மொட்டைமாடி அறையில் சனிக்கிழமை சாயங்காலங்களில் கூடும் விளையாட்டுக் குழுவில் நடந்தது இது. ஆடுவது மேசையைச் சுற்றி உட்கார்ந்து ஆடும் பாத்திர விளையாட்டு. ஒருவர் ஓர் உலகத்தை உருவாக்கி அதில் என்ன நடக்கிறது என்று சொல்வார். மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரமாக இருந்து தாங்கள் என்ன செய்கிறோம் என்று சொல்வார்கள். பலிக்குமா பலிக்காதா என்ற சந்தேகம் வந்தால் இருபது முகப் பகடையை உருட்டுவார்கள். 1974இல் அமெரிக்காவில் முதன்முதலாக அச்சில் வந்த விளையாட்டு முறையின் வாரிசுகளில் ஒன்று இது. நடத்துபவரை எல்லா ஊரிலும் போல இங்கேயும் ஜி.எம். (கேம் மாஸ்டர்) என்றுதான் கூப்பிடுகிறார்கள். பேச்சு தமிழில்தான், அல்சூர்த் தமிழ் என்பதால் நடுவே கன்னடம் எட்டிப்பார்க்கும்.

ஜி.எம். பொறியியல் கடைசி வருட மாணவர். ஆடியவர்கள்: விமான உதிரிபாகங்கள் செய்யும் ஆலை ஒன்றில் நீண்ட காலம் வேலை பார்த்த பொறியாளர் (அறை இவருடையது), ஒன்பதாம் வகுப்பு படிக்கும் அவர் மகள், மிருதங்கம் கற்றுக்கொள்ளும் ஓர் இளைஞர், ஐ.டி. வேலையில் இருக்கும் கணவன் மனைவி, அப்புறம் நான். ஒவ்வொரு வாரமும் என்ன நடந்தது, என்ன தீர்ப்பு சொல்லப்பட்டது என்று நோட்டில் எழுதிவைப்பது என் வேலை. இந்த ஆய்வு அந்த நோட்டிலிருந்து எழுந்தது.

சொந்தமாக ஓர் உலகத்தைக் கட்டி, அதற்கு நம் உலகத்தில் இல்லாத இயற்பியலைக் கொடுக்க நினைக்கும் ஜி.எம்.களுக்கு இது பயன்படும் என்பதால் விரிவாக எழுதுகிறேன்.

உலகமும் அதன் விதியும்

கதை இப்படித் தொடங்கியது. ஒரு கோயிலின் பெரிய மணி காணாமல் போகிறது. தெப்பக்குளத்தின் கடைசிப் படிக்கும் கீழே இன்னொரு படி இருக்கிறது. அதில் கால் வைத்தால் வேறொரு லோகம். அதலம், விதலம், சுதலம் என்று தொடங்கிப் பாதாளம் வரை போகும் ஏழு கீழுலகங்களை நம் புராணங்கள் சொல்கின்றன. இது அந்தப் பட்டியலில் விட்டுப்போன எட்டாவது என்று ஜி.எம். சொன்னார். பெயர் தள்ளூர்.

தள்ளூரின் விதியை அவர் ஒரு துண்டுத்தாளில் எழுதிவந்து வாசித்தார்: "இங்கே எதையும் தள்ளினால்தான் நகரும். தள்ளுவதை விட்ட நொடியே நின்றுவிடும். எவ்வளவு பலமாகத் தள்ளுகிறோமோ அவ்வளவு வேகம்." எடை உண்டு, மேல் கீழ் உண்டு, வெளிச்சம் உண்டு. இல்லாதது ஒன்றே ஒன்று, நிலைமம்; அதாவது தள்ளுவதை விட்ட பிறகும் அதே வேகத்தில் போய்க்கொண்டிருக்கும் தன்மை.

படித்தவர்களுக்கு இது புதிதல்ல. வலிந்த நகர்வுக்குத் தள்ளுபவர் ஒருவர் எப்போதும் வேண்டும் என்றுதான் அரிஸ்டாட்டில் சொன்னார். விசை வேகத்தைத் தருவதில்லை, வேக மாற்றத்தைத்தான் தருகிறது என்ற கணக்கு 1687இல் நியூட்டன் எழுதிய பிறகே நிலைபெற்றது. ஜி.எம். அந்தப் பழைய பாதைக்குப் போக நினைத்துப் போகவில்லை. ஊருக்குள் ஒரு அமானுஷ்யம் வேண்டும், அவ்வளவுதான். மணி தினமும் சாயங்காலம் ஒலிக்கும், அந்தச் சத்தத்தைப் பிடித்துக்கொண்டே போனால் திருடர்களின் இடம் வரும் என்று மீதிக் கதையையும் தயாராக வைத்திருந்தார்.

முதலில் கவனித்தவை

தொடக்கம் அமர்க்களம். ஐ.டி. தம்பதியில் மனைவியின் பாத்திரம் வில்லாளி. நாணை இழுத்து விட்டார். அம்பு வில்லை விட்டு வெளியே வந்ததும் நின்று, நேராகக் காலடியில் விழுந்தது. யாரும் சொல்லித்தராமலே அடுத்தடுத்து வந்தன. கிரிக்கெட் ஆட முடியாது, பந்து பௌலரின் காலடியிலேயே விழும். ஓட முடியாது, இரண்டு காலும் தரையை விட்ட நொடியே முன்னால் போவது நின்றுவிடும். குதிக்கவும் முடியாது, எம்பி நிற்க மட்டும் முடியும். சுத்தியல் வீண், ஏனென்றால் சுத்தியலின் முழு வேலையும் அதன் வேகத்தைச் சேர்த்துவைத்து ஆணிமேல் இறக்குவதுதான். அதனால் தள்ளூர்த் தச்சர்களிடம் திருகாணியும் ஆப்பும் அமுக்குக் கட்டையும்தான் இருந்தன. காபியை ஆற்றினால் டம்ளர் விளிம்பிலிருந்து நேர்க்கோடாக இறங்குமே தவிர டபராவில் நுரை வராது. இதைக் கேட்டதும் பொறியாளர், "அப்ப அந்த ஊருக்கு நான் வரலை தம்பி" என்றார்.

மாட்டு வண்டி வந்தபோது அவர் இன்னொன்றையும் கவனித்தார். நம் ஊர் பஸ்ஸில் டிரைவர் பிரேக் போட்டால்தான் முன்னால் சாய்கிறோம். ஓல்டு மெட்ராஸ் ரோட்டில் ஒரே வேகத்தில் போகும்போது ஒன்றும் தெரிவதில்லை. தள்ளூரில் நேர்மாறு. பிரேக் போட்டால் ஒரு குலுங்கலும் இருக்காது. ஆனால் வண்டி போய்க்கொண்டே இருக்கும் வரை உடம்பை யாரோ பின்னால் பிடித்து இழுப்பது போலவே இருக்கும், ஏனென்றால் உடம்பும் நகர வேண்டுமானால் அதையும் யாராவது தள்ளியாக வேண்டும். அந்த வேலையை இருக்கையின் முதுகு செய்கிறது. 499இல் ஆரியபட்டர், படகில் போகிறவனுக்குக் கரையில் அசையாமல் நிற்பவை பின்னால் போவது போலத் தெரிவதைக் காட்டி, பூமிதான் சுழல்கிறது என்றார். தள்ளூரில் அந்த வாதம் செல்லாது. நகர்கிறவனுக்குத் தான் நகர்வது முதுகிலேயே தெரிந்துவிடும்.

இதுவரை எல்லோருக்கும் சந்தோஷம். விரிசல் தெரிந்தது கோபுரத்தில்.

வில்லாளி துரத்தப்பட்டு ஒரு காவல் கோபுரத்தின் உச்சியிலிருந்து காலை வெளியே வைத்தார். ஜி.எம். வழக்கம்போல, "அவ்வளவு உயரம். அடிபடும், பகடை போடுங்க" என்றார். ஒன்பதாம் வகுப்புப் பெண் குறுக்கே வந்தாள்: "அண்ணா, ஏன் அடிபடணும்? தரையைத் தொட்டதும் நின்னுடும் இல்லையா? விழற வேகமும் ஏறாதே."

அவள் சொன்னது சரி. எடை ஒரே அளவில் இழுக்கிறது, அதனால் வேகமும் ஒரே அளவு. பத்து மாடியிலிருந்து விழுவதும் ஒரு படியிலிருந்து விழுவதும் ஒன்று. அதைவிட முக்கியம், தரை வந்ததும் நிறுத்துவதற்கென்று உடம்பில் ஒரு உந்தமும் மிச்சம் இருப்பதில்லை. நின்ற பிறகு காலில் இருப்பது வழக்கமான எடைதான். கோபுரத்திலிருந்து இறங்குவது லிஃப்டில் இறங்குவதற்குச் சமம்.

ஜி.எம். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "சரி, பாதி அடி" என்றார்.

அந்தப் 'பாதி அடி' என் நோட்டில் அடிக்கோடிட்டு இருக்கிறது. விதிப்படி அடியே கிடையாது, வழக்கப்படி முழு அடி. பாதி என்பது இரண்டிலும் சேராது. அதன்பின் ஆட்டக்காரர்கள் விதியைப் பார்த்துத் திட்டம் போடுவதை விட்டுவிட்டு ஜி.எம்.இன் முகத்தைப் பார்த்துப் போட ஆரம்பித்தார்கள். அடுத்தடுத்த வாரங்களில் "இது நடக்குமா சார்?" என்ற கேள்வி கூடியது. "நான் இதைச் செய்கிறேன்" என்பது குறைந்தது.

ஒலியில் வந்த சண்டை

இளைஞரின் பாத்திரம் ஒரு பாணன். முழவு வாசித்து மந்திரம் ஏவுபவன். ஊருக்குள் நுழைந்ததும் அவர் முழவைத் தட்டினார். தூரத்தில் மணிச்சத்தம் கேட்கிறது என்று ஜி.எம். கதையை நகர்த்தப் பார்த்த அதே நேரத்தில் பொறியாளர் கையைத் தூக்கினார்.

அவர் சொன்னது இதுதான். ஒரு கம்பியை இழுத்து விட்டால் நடுக்கோட்டுக்கு வந்ததும் அது ஏன் நிற்காமல் அந்தப் பக்கம் போகிறது? வந்த வேகம் அதைத் தள்ளிக்கொண்டு போகிறது. அந்தப் பக்கம் போனதால்தான் திரும்ப வருகிறது, திரும்ப வருவதால்தான் அதிர்கிறது. நிலைமம் இல்லையென்றால் கம்பி நடுக்கோட்டுக்கு வந்து பேசாமல் நின்றுவிடும். காற்றும் அப்படியே. ஒரு இடத்தில் நெருக்கினால் அந்த நெருக்கம் அலையாகப் போகாது, தண்ணீரில் விட்ட மை மாதிரி மெல்ல விரவி அடங்கிவிடும். ஆகவே தள்ளூரில் வீணை இல்லை, முழவு இல்லை, பேச்சு இல்லை. மணியை அதன் உள்நாக்கால் தொடலாம், ஒலிக்க வைக்க முடியாது.

ஜி.எம். கதை முழுவதும் அந்த மணிச்சத்தத்தில்தான் தொங்கிக்கொண்டிருந்தது. "சார், மந்திரம்னு வெச்சுக்குங்களேன்" என்றார். பொறியாளர், "மந்திரம்னா அம்பும் பறக்கட்டும் தம்பி" என்றார். குரல் உயர்ந்தது. மிருதங்க இளைஞருக்கு இரண்டு பக்கமும் கோபம். ஒருவர் கதையைக் கெடுக்கிறார், இன்னொருவர் காப்பாற்றத் தெரியாமல் விழிக்கிறார், நடுவில் தன் பாத்திரம் ஊமையாகிவிட்டது. ஆனால் பொறியாளர் சொன்னதை முதலில் ஒப்புக்கொண்டவரும் அவரேதான். மிருதங்கத்தின் வலது முகமான வலந்தலைத் தோலின் நடுவே ஏற்றும் கரணை என்ற கறுப்புப் பூச்சு அந்த இடத்தைக் கனமாக்குவதால்தான் மிருதங்கத்தின் மேல் நாதங்கள் ஒன்றோடொன்று இசைந்து சுருதியாகக் கேட்கின்றன. அதைச் சோதனை செய்து காட்டியவர் திருச்சியில் பிறந்து 1933இல் பெங்களூருக்கு வந்த சி.வி. ராமன். "கனத்துக்கே அங்க வேலை இல்லைன்னா கரணை வெறும் கறுப்புப் பொட்டுதான்" என்று சொல்லிவிட்டு இளைஞர் பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார். அன்றைக்கு ஆட்டம் அதோடு நின்றது.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

அடுத்த வாரம் மேசைக்குப் போகவில்லை. பக்கத்துத் தர்ஷினி ஒன்றில் காபியோடு நின்றுகொண்டே பேசினோம். அந்த அறையில் உட்கார்ந்தால் பழைய சண்டை தொடரும் என்று ஐ.டி. தம்பதியின் யோசனை. நல்ல யோசனைதான்.

மூன்று வழிகள் முன்னால் இருந்தன. விதியை வெறும் சூழலாக வைத்துக்கொண்டு சந்தேகத்தில் ஜி.எம். சொல்வதே முடிவு என்று விடலாம். தள்ளூரையே கைவிட்டு வேறு கதைக்குப் போகலாம். அல்லது ஒரே விதி, விதிவிலக்கு கிடையாது, அது எங்கே இழுத்துக்கொண்டு போகிறதோ அங்கே எல்லோரும் போகலாம். ஜி.எம். மனம் முதல் வழியில் இருந்தது. அதை மாற்றியது பொறியாளர் கொண்டுவந்த ஒரு தகவல்.

தள்ளூர் உண்மையிலேயே இருக்கிறது, ஒரு சொட்டுத் தண்ணீருக்குள். அமெரிக்க இயற்பியலாளர் பர்செல் 1977இல் வெளியிட்ட கட்டுரையில் இதை விளக்குகிறார். பாக்டீரியா அளவுக்குச் சின்னதாகிவிட்டால் தண்ணீரின் பாகுத்தன்மைதான் எல்லாம், நிலைமம் ஒன்றுமே இல்லை. நீந்திக்கொண்டிருக்கும் பாக்டீரியா வாலைச் சுழற்றுவதை நிறுத்தினால் ஓர் அணுவின் விட்டத்தைவிடக் குறைந்த தூரத்தில் நின்றுவிடும். தள்ளினால் நகர்வு, விட்டால் நிற்பு. துடுப்பு போல முன்னும் பின்னும் ஒரே பாதையில் ஆட்டினால் அங்கே ஒரு அடிகூட முன்னேற முடியாது; எவ்வளவு போனதோ அவ்வளவும் திரும்பி வந்துவிடும். அதனால்தான் பாக்டீரியா தன் வாலைத் திருகாணி மாதிரி சுழற்றுகிறது.

நாம் 'அமானுஷ்யம்' என்று வைத்த விதியை ஏதோ ஒரு உயிர் தினமும் வாழ்ந்துகொண்டிருக்கிறது என்பது ஜி.எம்.ஐ அசைத்தது. "அப்ப இது ஓடும்" என்றார். மூன்றாவது வழி முடிவானது. கூடவே எல்லைகளும் பேசினோம், இதில்தான் அதிக நேரம் போனது.

விதி கண்ணுக்குத் தெரியும் பொருள்களுக்கு மட்டும். அணு, மூலக்கூறு அளவுக்குச் சின்னவை நம் உலகத்தில் எப்படியோ அங்கேயும் அப்படியே. இதை வைக்காவிட்டால் வெப்பம் என்ன ஆகும், நரம்பு எப்படி வேலை செய்யும் என்று கேள்விக்கு முடிவே இருக்காது. வெளிச்சத்தைத் தொடக் கூடாது. மூச்சும் ரத்த ஓட்டமும் தள்ளுவதால் நடப்பவை, அவற்றுக்குச் சிக்கல் இல்லை.

விழும் வேகத்துக்கு ஒரு கணக்கு தேவைப்பட்டது. கனமானது வேகமாக விழும் என்று சும்மா சொன்னால் 1638இல் வந்த தன் நூலில் கலிலியோ போட்ட முடிச்சில் மாட்டிக்கொள்வோம்: ஒரு பெரிய கல்லையும் சின்னக் கல்லையும் சேர்த்துக் கட்டினால், சின்னது பெரியதைத் தாமதிக்க வேண்டும், ஆனால் மொத்த எடை கூடியதால் வேகமும் கூட வேண்டும். இரண்டும் எப்படி ஒன்றாக நடக்கும்? வேகம் எடையை மட்டும் பொறுத்தது என்று வைத்தால்தான் இந்த முடிச்சு. ஒவ்வொரு பொருளுக்கும் எடை ஒன்று, 'தடை' ஒன்று என இரண்டு எண்கள் கொடுத்தோம். கட்டும்போது இரண்டும் தனித்தனியாகக் கூடும், எடையைத் தடையால் வகுத்தால் வேகம். கட்டிய ஜோடி இரண்டுக்கும் நடுவான வேகத்தில் விழும். முரண் போய்விட்டது. மனிதன் விழுவது நடக்கிற வேகத்தில் என்று வைத்தோம்.

பேச்சு இல்லாத ஊரில் எப்படி ஆடுவது? சைகையிலேயே ஆடிப் பார்த்தோம். ஒரு கதவைத் திறப்பதற்குள் இரவாகிவிட்டது. அதனால் மேசையில் வாயால் பேசலாம், ஆனால் கேட்கும் பாத்திரம் சொல்பவரைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும் என்று ஆனது. முதுகைக் காட்டி நிற்பவருக்குத் தோளைத் தொட்டுத்தான் விஷயம் சொல்ல முடியும். சண்டைக் காட்சிகளில் இது எதிர்பார்த்ததைவிட நன்றாக வேலை செய்தது.

கடைசியாகப் பகடை. பெண்தான் ஆரம்பித்தாள். தள்ளூரில் பகடை உருளாது. கையை விட்டதும் விழும், பக்கத்தில் இருக்கும் முகத்தில் சாய்ந்து உட்காரும். எப்படிப் பிடித்தாயோ அதற்கு ஏற்ற எண் வரும். அப்படியென்றால் அங்கே சூதும் இல்லை, தற்செயலும் பெரிதாக இல்லை. தள்ளூருக்குள் இருக்கும்வரை பகடையை மேசையிலிருந்து எடுத்துவிடுவது, திட்டம் விதிக்குப் பொருந்தினால் பலிக்கும், பொருந்தாவிட்டால் பலிக்காது என்று பெரும்பான்மையில் முடிவானது. ஐ.டி. தம்பதியில் கணவர் மட்டும் எதிர்த்தார். பகடை உருளும் அந்த நொடிக்காகத்தான் தான் வருவதாகச் சொன்னார்.

பின்பு நடந்தவை

விதி இறுகியதும் கதை தளரும் என்றுதான் நான் எதிர்பார்த்தேன். மணி ஒலிக்காது என்று ஆனதும் திருடர்களுக்கு ஒரு காரணம் கிடைத்தது. ஒரு கோயில் மணியைத் திருடினால் அதை ஒளிக்கச் சிறந்த இடம், அது எந்தக் காலத்திலும் தன் இருப்பைச் சொல்ல முடியாத ஊர். ஜி.எம். இதைக் கண்டுபிடித்தபோது மாற்றி எழுதும் வேலை பாதியாகக் குறைந்தது.

சத்தம் இல்லாத ஊரில் செய்தி எப்படிப் போகும் என்ற கேள்வியிலிருந்து கயிறு வந்தது. தெருக்களில் கம்பத்துக்குக் கம்பம் இழுவைக் கயிறுகள். ஒருவர் இழுத்தால் மறுமுனையில் இருப்பவர் கையில் அசைவு தெரியும். பொறியாளர் கணக்கைக் கொடுத்தார். மீள்தன்மையுள்ள கயிற்றில், நிலைமம் இல்லாதபோது, இழுப்பு அலையாகப் பாயாமல் விரவிப் போகிறது. விரவுவதற்கு ஆகும் நேரம் தூரத்தின் வர்க்கத்தில் ஏறும். பத்துக் கோல் தூரத்துக்கு ஒரு விநாடி என்றால் நூறு கோலுக்கு நூறு விநாடி, ஆயிரம் கோலுக்குப் பத்தாயிரம் விநாடி, அதாவது கிட்டத்தட்ட 2 மணி 47 நிமிடம்.

ஒன்பதாம் வகுப்புப் பெண் நோட்டில் கணக்குப் போட்டுவிட்டுத் தலை தூக்கினாள். "நடுவுல பத்துப் பத்துக் கோலுக்கு ஒரு ஆள் நின்னு வாங்கி வாங்கி இழுத்தா? நூறு துண்டு, நூறு விநாடி. ஆளுங்க கொஞ்சம் தூங்கினாலும் பரவாயில்லை." தள்ளூரின் அரசியலே அங்கிருந்து பிறந்தது. கயிற்றுக்காரர்கள்தான் அந்த ஊரில் பெரிய ஜாதி, பெரிய சங்கம், பெரிய தலைவலி. அவர்கள் கையை மடக்கினால் ராஜாவுக்கு அடுத்த தெருவில் நடப்பதுகூடத் தெரியாது. ஜி.எம். எழுதியதில் பாதி இந்த ஒரு வரியிலிருந்து வந்தவை.

நேரம் அளப்பதில் ஒரு சின்னச் சிக்கல். ஊசல் ஆடாது, அதனால் ஊசல் கடிகாரம் இல்லை. ஐ.டி. மனைவியின் பாத்திரம் கையில் கட்டியிருந்த குவார்ட்ஸ் வாட்ச்சும் நின்றது. விநாடிக்கு 32,768 முறை அதிரும் ஒரு துண்டுப் படிகத்தை நம்பித்தான் அது ஓடுகிறது, அந்தத் துண்டு கண்ணுக்குத் தெரியும் அளவு. ஆனால் ஓட்டை வழியே தண்ணீர் ஏறி மூழ்கும் நாழிகை வட்டில் அங்கேயும் ஓடும். 24 நிமிடம் ஒரு நாழிகை என்ற பழைய கணக்கு தள்ளூரில் உயிரோடு இருந்தது.

கோபித்துக்கொண்டு போன மிருதங்க இளைஞர் இந்தக் கயிறு வந்த பிறகு திரும்பி வந்தார். முழவு இல்லாவிட்டாலும் கயிற்றில் 'த தி தொம் நம்' இழுக்கலாம் என்று அவருக்குப் பட்டது. இழுத்தார். பக்கத்துக் கம்பத்துக்கு மூன்றாம் காலம்கூடத் தெளிவாகப் போனது. தூரக் கம்பத்தில் சொற்கள் ஒன்றோடொன்று கரைந்து ஒரே நீண்ட இழுப்பாகத் தெரிந்தது. விரவல் வேகமான அசைவுகளை முதலில் தின்றுவிடும், மெதுவானவை மட்டும் மிஞ்சும். அதனால் தூரச் செய்திக்கு விளம்ப காலம்தான். பாணனுக்கு மந்திரம் திரும்பக் கிடைக்கவில்லை, ஆனால் தள்ளூரில் அவனைவிட நன்றாகக் கயிறு படிக்கத் தெரிந்தவன் இல்லை என்ற பெயர் கிடைத்தது.

மணி இருந்த இடம் கடைசியில் கயிற்றில்தான் பிடிபட்டது. திருடர்கள் கயிற்றுக்காரர்களை நம்பாததால் நடுவில் ஆளே வைக்காமல் ஒரே நீளக் கயிறு போட்டிருந்தார்கள். அதில் ஓர் இழுப்பு கொடுத்துப் பதில் வரும்வரை வட்டிலில் அளந்தார்கள். ஊரறிந்த முதல் கம்பத்துக்குப் போய்வர ஆகும் நேரத்தைப்போல ஒன்பது மடங்கு ஆனது. ஒன்பதின் வர்க்கமூலம் மூன்று. ஆகவே தூரம் மூன்று மடங்கு. அந்தத் தூரத்தில் இருந்தது ஒரு பாழ்மண்டபம் மட்டும்.

அதன் கதவுத் திறவுகோலுக்கு ஜி.எம். வைத்த புதிரை நாங்கள் மேசையிலேயே செய்து பார்த்தோம். மெடிக்கல் ஷாப்பில் கிளிசரின் வாங்கிவந்து, ஒரு அகலக் கண்ணாடி டம்ளருக்குள் ஒல்லியான இன்னொன்றை நிறுத்தி, நடு இடைவெளியில் கிளிசரினை ஊற்றினார். கேசரிப் பவுடர் கலந்த கிளிசரினை ஒரு சொட்டு மட்டும் உள்ளே இறக்கினார். உள் டம்ளரை மெதுவாகச் சில சுற்றுகள் சுற்றியதும் சொட்டு இழுபட்டு, கோடாகி, ஆரஞ்சு மங்கலாகக் காணாமல் போனது. அதே சுற்றுகளை அதே நிதானத்தில் எதிர்ப்பக்கம் சுற்றினார். மங்கல் கோடாகி, கோடு சுருங்கி, ஓரம் கொஞ்சம் கலைந்த அதே சொட்டாகத் திரும்பி வந்தது. பொறியாளர் உட்பட யாரும் பேசவில்லை; அப்புறம் எல்லோரும் தாங்கள் ஒரு தடவை சுற்றிப் பார்க்க வேண்டும் என்று கேட்டார்கள். நிலைமம் பொருட்டே இல்லாத பாகில் கலக்கியதைக் கலக்காததாக்க முடியும். மண்டபக் கதவில் இருந்த பானையில் யாரோ ஒரு எழுத்தைக் கலக்கி அழித்திருந்தார்கள். எத்தனை சுற்று என்பதுதான் பூட்டு.

மணி தெப்பக்குளத்துப் படிக்கு வந்து சேர்ந்தது. அவ்வளவு கனத்தை நகர்த்த எல்லோரும் விடாமல் தள்ள வேண்டியிருந்தது. யாராவது கையை எடுத்தால் வேகம் அந்த அளவுக்குக் குறைந்தது.

பகடையை எடுத்ததை எதிர்த்த கணவர் அதற்கு முன்பே குழுவிலிருந்து விலகிவிட்டார். சண்டை இல்லை. ஞாயிற்றுக்கிழமை வேறு ஒரு மேசையில் ஆடுகிறார், மனைவி இங்கே தொடர்கிறார்.

அடுத்த முறை மாற்றுவது

விதியை வாசித்துவிட்டு நேராக வில்லாளியிடமும் கோபுரத்திடமும் போனதுதான் ஆரம்பச் சிக்கல் என்பது ஜி.எம்.இன் கருத்து. நானும் அதையே சொல்வேன். அடுத்த உலகத்துக்கு அவர் ஒரு முன்வேலை வைத்திருக்கிறார்: காலையில் எழுந்து பல் தேய்ப்பதில் தொடங்கி இரவு விளக்கணைப்பது வரை ஒரு சாதாரண ஆளின் நாளை அந்த விதியில் நடத்திப் பார்ப்பது. தள்ளூருக்கு இதைச் செய்திருந்தால் காலையில் யாராவது யாரையாவது கூப்பிடும்போதே ஒலி மாட்டியிருக்கும். வீரசாகசங்களில் விதியைச் சோதிப்பது வீண். அடுப்படியில் சோதித்தால் உடனே தெரிந்துவிடும்.

ஆட்டக்காரர்கள் பாத்திரம் எடுப்பதற்கு முன்பே விதியைச் சொல்லிவிட வேண்டும். பாணன் எடுத்தவருக்கு நேர்ந்தது அநியாயம்தான். அதைக் கயிறு சரிக்கட்டியது தற்செயல். அவர் மிருதங்கம் தெரிந்தவராக இல்லாமல் இருந்திருந்தால் அப்படியே போயிருப்பார்.

பாதித் தீர்ப்பு கிடையாது என்பதை இப்போது எழுதியே வைத்திருக்கிறார்கள். ஜி.எம்.க்குச் சந்தேகம் என்றால் ஆட்டம் நின்று, மேசையில் இருப்பவர்கள் விதியிலிருந்து வாதாடலாம், ஆனால் காபி ஆறுவதற்குள் முடிக்க வேண்டும். பொறியாளரின் கேள்விகளுக்கும் ஒரு வரம்பு போட்டாயிற்று: ஆட்டத்துக்கு நடுவே இயற்பியல் கேள்வி ஒன்று மட்டும், மீதியை வாரநடுவில் தாளில் எழுதி ஜி.எம்.இடம் கொடுத்துவிட வேண்டும். அவர் முதலில் முணுமுணுத்தார். இப்போது தாள் நிறைய எழுதுகிறார், சில கேள்விகளுக்கு அவரே பதிலும் எழுதிவிடுகிறார்.

பகடை விஷயத்தில் ஒருமித்த கருத்து இன்னும் இல்லை. பகடையே வேண்டாம் என்பது தள்ளூருக்குப் பொருந்தியது, ஏனென்றால் அந்த உலகத்தின் விதியே அதைச் சொன்னது. ஜி.எம். அடுத்து எழுதிவரும் உலகத்தில் நிலைமம் உண்டு, ஈர்ப்பு மட்டும் தூரத்தின் முப்படியில் குறைகிறது. அங்கே பகடை தாராளமாக உருளும். விலகிய கணவரைக் கூப்பிட்டுக் கேட்டிருக்கிறார்கள். தேதி சொல்லுங்கள், பார்க்கிறேன் என்றிருக்கிறார்.